வாயில்காவலனுக்குக் குரல் கொடுத்தவர்

தேவராசா அண்ணையைப் பற்றி டென்மார்க்கின் இக்காஸ்ட் நகரத்தில் எந்தத் தமிழரிடம் கேட்டாலும் ஒரே கதையைத்தான் சொல்வார்கள். "சாதியை மறைச்சுப் பொம்பிளை எடுக்கப் பாத்தவன்" என்பார்கள். அதற்கு மேல் அவரைப் பற்றி அவர்களுக்கு ஒன்றும் தெரியாது, தெரிந்துகொள்ள விருப்பமும் இல்லை. எனக்குக் கொஞ்சம் தெரியும். ஒரே தையல் தொழிற்சாலையில் வேலை செய்தோம், ஒரே மாடிக்கட்டடத்தில் குடியிருந்தோம். என் பெயர் செலீனா, மன்னார்ப் பக்கத்துக் கத்தோலிக்கச் சனம். எங்கள் கோயிலிலும் இன்னாருக்கு இன்ன வாங்கு என்று பிரித்து இருத்தியதை நான் கண்டிருக்கிறேன். ஆகவே நான் பெரிய நியாயவாதி என்று யாரும் நினைக்க வேண்டாம். கோபம் மட்டும்தான் இருக்கிறது, அது இன்னும் ஆறவில்லை.

அவருடைய அப்பு வடமராட்சியில் ஒரு ஊரில் பனை ஏறிக் கள் இறக்கியவர். பனையும் அவருடையதில்லை, பனை நின்ற காணியும் அவருடையதில்லை. காணிக்காரரைச் சாகும்வரைக்கும் "நயினார்" என்று கூப்பிட்டார். மகன் அப்படி இல்லை. இடதுசாரிக் கட்சியின் வாசிகசாலையில் வளர்ந்த பிள்ளை, அந்தச் சொல் அவர் வாயில் வராது. இருபது வயதில் நாலைந்து தோழர்களோடு சந்தித் தேத்தண்ணிக்கடைக்குள் போய், கதிரையை இழுத்துப் போட்டு இருந்து, கோப்பையில் தேத்தண்ணி கேட்டிருக்கிறார். அவருடைய சனம் அதுவரைக்கும் கடைக்கு வெளியே நின்று போத்தலில் வாங்கிக் குடித்த சனம். கடைக்காரர் தேத்தண்ணியைக் கொண்டுவந்தார், கொதிக்கக் கொதிக்க முழங்கையில் ஊற்றினார். அந்தத் தழும்பு நல்ல அகலம். டென்மார்க்கில் யாராவது கேட்டால், படம் காட்டுகிற மெசினின் லைற் சுட்டது என்று சொல்லிவிடுவார்.

அது முழுப் பொய்யும் இல்லை. ஊரில் இருக்க முடியாமல் கொழும்புக்குப் போனவருக்கு ஒரு திரைப்படச் சங்கத்தில் வேலை கிடைத்தது. புறொஜெக்டரையும் படச்சுருள்களையும் காவிக்கொண்டு போய்ப் பாடசாலைகளிலும் தொழிற்சங்க மண்டபங்களிலும் ரஷ்யப் படங்கள் காட்டுகிற வேலை. அதில் பேச்சே இல்லாத பழைய சிரிப்புப் படங்கள் சில இருந்தன. புரட்சி முடிந்த கையோடு ரஷ்யர்கள் தங்களையே பகிடி பண்ணி எடுத்தவை. அவற்றில் அவருக்குப் பைத்தியம். கொடி பிடித்துக்கொண்டு ஓடுகிற படங்களை அவ்வளவாக மதிக்கமாட்டார்.

"கொடி பிடிக்கிறது லேசு பிள்ளை," என்று ஒருமுறை தொழிற்சாலைச் சாப்பாட்டறையில் எனக்குச் சொன்னார். "அடுத்த நாள் காலமை ஆர் எழும்பித் தேத்தண்ணி போடுறது, ஆர் கதிரையில இருந்து குடிக்கிறது? அதை அந்தச் சிரிப்புப் படங்கள்தான் காட்டும்."

எண்பத்து மூன்று கலவரத்தில் அவர் இருந்த அறை எரிந்தது. அடுத்த வருஷம் ரஷ்ய விமானத்தில் மொஸ்கோ வழியாகக் கிழக்கு பேர்லினுக்குப் பறந்து, அங்கிருந்து ரயிலும் கப்பலுமாக டென்மார்க் வந்து சேர்ந்தார். அந்த நேரம் எங்களில் பலர் வந்த வழி அதுதான். ஆனால் எங்களுக்கு மொஸ்கோ வெறும் விமான நிலையம், அவருக்கு அப்படி இல்லை. படங்களில் பார்த்துப் பார்த்து அந்த நகரத்தின் தெருவெல்லாம் அவருக்குப் பாடம். விமான நிலையக் கண்ணாடிக்கு உள்ளே, நிலத்தில், மற்ற அகதிகளோடு படுத்துக் கிடந்துவிட்டு அடுத்த விமானத்தில் ஏற்றப்பட்டார். "மொஸ்கோவில என்ன கண்டனீங்கள்?" என்று என் மனிசன் பீற்றர் கேட்டபோது, "கக்கூசைக் கண்டனான். நல்ல துப்புரவு" என்றார். பீற்றர் சிரித்தார். அவரும் சிரித்தார், ஆனால் முகத்தில் சிரிப்பு இல்லை.

பொய் தொடங்கியது அகதி முகாமில், முதல் நாள் சாப்பாட்டு வரிசையில். முன்னால் நின்ற ஒருவர் திரும்பி, "எவடம்? கொப்பர் என்ன செய்தவர்?" என்று கேட்டிருக்கிறார். ஊரையும் தகப்பனையும் கேட்டுச் சாதியை அறிய எங்கள் ஆட்கள் பெயர் கேட்க முதல் கேட்கிற கேள்வி அது. ஊரில் இந்தக் கேள்விக்கு நெஞ்சை நிமிர்த்திப் பதில் சொன்ன மனிதர் அவர். அங்கே கட்சி இருந்தது, தோழர்கள் இருந்தார்கள். இங்கே பனிக்குள் தனி ஆள், மாற்று உடுப்புக்கூட இல்லை. "கொழும்பிலதான் பிறந்து வளந்தனான். அப்பு கிளாக்கர்" என்று வாயில் வந்ததைச் சொல்லிவிட்டார். பிறகு அதற்குள்ளேயே இருந்துவிட்டார். அவரைக் குறை சொல்கிறவர்கள் அந்த வரிசையில் அவர் இடத்தில் நின்று பார்க்கட்டும்.

இக்காஸ்டில் எல்லோருமே ஏதோ ஒன்றை மறைத்துக்கொண்டுதான் இருந்தோம். குணசேகரம் அண்ணையை எடுத்துக்கொள்ளுங்கள். ஊரில் கூட்டுறவுச் சங்க மனேச்சர், கோயில் தர்மகர்த்தா சபையில் முதல் ஆள், முற்றத்தில் வேலைக்காரர் கைகட்டி நின்ற வீடு. இங்கே தொழிற்சாலையில் நூல் தூசு கூட்டுவதும் கக்கூஸ் கழுவுவதும் அவர் வேலை. ஊருக்கு அனுப்புகிற படங்களில் முதலாளியின் காரில் கைவைத்துக்கொண்டு நிற்பார். கறுப்பு ஓவர்கோட்டும் தொப்பியுமாக அவரைப் பார்த்தால் அந்தக் கார் அவருடையதென்றுதான் யாரும் நினைப்பார்கள். ஆனால் அவருடைய வேஷம் எல்லோருக்கும் தெரிந்த வேஷம். அதை யாரும் குற்றம் என்று சொல்லவில்லை.

அவருடைய தங்கச்சி மனோரஞ்சிதம். முப்பத்தாறு வயது. செவ்வாய் தோஷம், சீதனம், போர் என்று ஒவ்வொன்றாகச் சேர்ந்து கலியாணத்தைத் தள்ளிக்கொண்டே வந்துவிட்டன. என் பக்கத்து மெசினில் கழுத்துப்பட்டி தைப்பாள். தேவராசா அண்ணை தைத்த சேட்டுகளைப் பெட்டியில் அடுக்குகிறவர். டெனிஷ் வகுப்பிலும் இரண்டு பேரும் பக்கத்துப் பக்கத்துக் கதிரை. அந்தப் பாஷை இரண்டு பேருக்கும் ஏறவில்லை, அதில்தான் பழக்கம் வந்தது. ஒருநாள் இடைவேளையில் அவள் அவரைப் பார்த்துச் சிரித்ததைக் கண்டேன். பல்லுத் தெரியச் சிரித்தாள். அவளுக்கு அப்படிச் சிரிக்கத் தெரியும் என்பதே எனக்கு அன்றுதான் தெரியும்.

நான்தான் கலியாணப் பேச்சைத் தொடக்கினேன். குணசேகரம் அண்ணை சாதகம் கேட்டார். எண்பத்து மூன்றில் எரிந்துவிட்டது என்றார் தேவராசா அண்ணை. அறை எரிந்தது உண்மை. சாதகம் என்று ஒன்று அவருக்கு யாரும் எழுதியதேயில்லை. குணசேகரம் அண்ணை யோசித்தார். வயதுக்குத் தோதான, தங்க அனுமதி கிடைத்த, சீதனம் கேட்காத ஆள் இந்த நாட்டில் வேறு யார் இருக்கிறார்? "கிளாக்கரின்ர மகன், பரவாயில்லை" என்று ஒத்துக்கொண்டார். எண்பத்தாறாம் ஆண்டு பங்குனி மாதம், ஒரு வெள்ளிக்கிழமை பத்து மணிக்குக் நகரசபையின் கொம்யூன் கந்தோரில் கலியாணப் பதிவு என்று நேரமும் எடுத்தாயிற்று. சாட்சிக்கு நானும் இங்கெரும்.

இங்கெர் நூலகத்தில் வேலை செய்து இளைப்பாறிய டெனிஷ் மனிசி. எங்களுக்கு டெனிஷ் படிப்பித்ததும் அவதான், நூலகத்தின் படக்கழகத்தை நடத்தினதும் அவதான். அந்தப் பங்குனியில் அவவுக்கு ஒரு பழைய ரஷ்யச் சிரிப்புப் படம் கிடைத்தது. பேச்சில்லாத படம்தானே, தமிழர்களும் வந்து பார்க்கலாம் என்று எங்களைக் கூப்பிட்டா. படத்தின் பெயரைக் கேட்டதும் தேவராசா அண்ணையின் முகம் மாறியது. கொழும்பில் அவர் எத்தனையோ முறை காட்டிய படம். இடையில் வருகிற எழுத்தெல்லாம் அவருக்கு மனப்பாடம். அப்படியானால் நான் டெனிஷ்காரருக்கு வாசிக்கிறேன், நீங்கள் திரைக்குப் பக்கத்தில் நின்று தமிழருக்குச் சொல்லுங்கள் என்றா இங்கெர். அவர் அந்தக் கிழமை முழுக்க ஒரு புது மனிதராகத் திரிந்தார். மனோரஞ்சிதத்திடம், "நான் ஆர் எண்டு ஞாயிற்றுக்கிழமை பாருமன்" என்றாராம். அதைச் சொல்லும்போது அவளுக்கு வெட்கம்.

ஞாயிறு பின்னேரம் நூலகத்தின் கீழ்மண்டபத்தில் திரைச்சீலைகளை இழுத்து மூடினார்கள். இக்காஸ்ட் தமிழர் அநேகமாக எல்லோரும் வந்திருந்தார்கள். வேறு போக இடமும் இல்லை, கோப்பியும் கேக்கும் உண்டு என்று சொல்லியிருந்தார்கள். குணசேகரம் அண்ணை வருங்கால மைத்துனரின் கெட்டித்தனத்தைப் பார்க்க முதல் வரிசையில். பக்கத்தில் மனோரஞ்சிதம். அவளுக்குப் பின்னால் நான். தேவராசா அண்ணை இரவல் கோட்டு ஒன்று போட்டு, தலைமயிரைப் படிய வாரி, திரையோரம் நின்றார்.

படத்தின் கதை லேசு. புரட்சிக்குப் பிறகு மொஸ்கோவில் வீட்டுக்குப் பஞ்சம். ஒரு பெரிய வியாபாரியின் மாளிகையை எடுத்து அறை அறையாகச் சனத்துக்குப் பிரித்துக் கொடுத்துவிடுகிறார்கள். குடியிருப்போர் குழுவுக்குத் தலைவன் யாரென்றால், அதே மாளிகையின் வாசலில் காலமெல்லாம் நின்ற வாயில்காவலன். வியாபாரிக்குப் படிக்குக் கீழே விளக்குமாறு வைக்கிற மூலை. தொழிலாளிக்குத்தான் நல்ல அறை என்பது சட்டம். ஆகவே வியாபாரி ஒரு கிழிந்த கோட்டைத் தேடிப் போட்டு, செங்கல்லால் உள்ளங்கையைத் தேய்த்துக் காய்ப்பு வரப்பண்ணி, நான் பிறவித் தொழிலாளி என்று குழுவுக்கு முன்னால் வந்து நிற்கிறான். பகிடி எங்கே என்றால், தலைவனாகக் கதிரையில் இருக்கிற காவலன், வியாபாரி ஒருமுறை செருமினால் போதும், தன்னையறியாமல் எழும்பி நின்றுவிடுவான். பிறகு வெட்கப்பட்டு இருப்பான். அவன் திரும்பவும் செருமுவான், இவன் திரும்பவும் எழும்புவான்.

தேவராசா அண்ணை அன்றைக்கு எழுத்தில் இருந்ததை மட்டும் சொல்லவில்லை. எல்லோரையும் யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுவந்துவிட்டார். வியாபாரிக்கு ஊர்ப் பெரியவரின் தொண்டை. குழுவில் இருக்கிற கிழவிக்குச் சந்தையில் மீன் விற்கிறவளின் வாய். சனம் விழுந்து விழுந்து சிரித்தது. இந்த நாட்டுக்கு வந்து நாங்கள் அப்படிச் சிரித்ததில்லை. மனோரஞ்சிதம் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள். எனக்கு ஆசையாக இருந்தது, இந்த மனிதரைத்தானே இவள் கட்டப்போகிறாள் என்று.

பிறகு தேத்தண்ணிக் காட்சி வந்தது. தன்னைத் தொழிலாளி என்று நிரூபிக்க வியாபாரி குழுவுக்குத் தேத்தண்ணி பரிமாற வேண்டும். கண்ணாடிக் குவளையைக் கொண்டுவந்து காவலனிடம் நீட்டுகிறான். காவலன் கதிரையில் இருந்தபடி வாங்க வேண்டும், அதுதான் புரட்சி. அவனோ பழைய எசமானின் கையைக் கண்டதும் எழும்பி, தொப்பியைக் கழற்றிக் கமக்கட்டில் வைத்து, பின்பக்கமாகவே நடந்து வாசலுக்கு வெளியே போய் நின்று குடிக்கிறான். படத்தில் அவ்வளவுதான்.

தேவராசா அண்ணை ஒரு வசனம் சொல்லியிருந்தால் போதும். அவர் காவலனைப் போலவே பின்னுக்கு நடந்தார். முதுகு வளைந்தது. இரண்டு கையும் சேர்ந்து வாய்க்குக் கீழே குழிந்தது. "ஊத்துங்கோ நயினார்" என்றார். புறொஜெக்டரின் வெளிச்சம் அவர் மேல் விழுந்து, அந்தக் குனிந்த நிழல் திரை முழுக்கப் பரவியது.

அந்தக் கையை அங்கே இருந்த ஒவ்வொருவருக்கும் தெரியும். ஊரில் பெரிய வீடுகளின் பின்பக்கக் கோடியில் பனை ஏறுகிற சனத்துக்குச் செம்பைக் கையில் கொடுக்கமாட்டார்கள். உயர நின்று ஊற்றுவார்கள், இவர்கள் குனிந்து கையில் ஏந்திக் குடிக்க வேண்டும். மண்டபத்தில் அநேகம் பேர் ஊற்றின வீட்டுப் பிள்ளைகள். அதனால் அந்தச் சிரிப்பு மற்றச் சிரிப்பையெல்லாம் விடப் பெரிதாக வந்தது. குணசேகரம் அண்ணைக்குக் கண்ணால் தண்ணீர் ஓடியது. இருந்த இடத்திலிருந்தே, பகிடியாகத்தான், பழைய முற்றத்துக் குரலில் கேட்டார்.

"டேய், காணுமோடா? இன்னும் ஊத்தவோ?"

தேவராசா அண்ணை நிமிரவில்லை. திரையை விட்டுக் குணசேகரத்தின் பக்கம் திரும்பினார். வலது கை இடது தோளுக்குப் போய், அங்கே இல்லாத சால்வையை இறக்கத் தடவியது. "காணும் நயினார்" என்றார்.

அது படத்துக்குக் கொடுத்த குரல் இல்லை. சனத்துக்கு அது விளங்கிவிட்டது. சிரிப்பு பின் வரிசையிலிருந்து நிற்கத் தொடங்கி முன்னுக்கு வந்தது. கடைசியாக நின்றவை மனோரஞ்சிதத்தின் தோள்கள். டெனிஷ்காரர் மட்டும் சிரித்துக்கொண்டிருந்தார்கள், திரையில் காவலன் இன்னும் எழும்பி எழும்பி இருந்துகொண்டிருந்தான். தேவராசா அண்ணை மெல்ல நிமிர்ந்து தன் கையைப் பார்த்தார். மிச்சப் படத்துக்கும் தமிழ் சொன்னார். யாரும் கேட்கவில்லை.

லைற் போட்டதும் டெனிஷ்காரர் கை தட்டினார்கள். கோப்பி மேசையில் கோப்பையில் ஊற்றிக் கொடுக்கிற பொறுப்பையும் இங்கெர் அவருக்கே கொடுத்திருந்தா. அவர் போய் நின்று ஊற்றி வைத்தார். எங்கள் சனம் மேசையைச் சுற்றிக்கொண்டு கோட்டு மாட்டுகிற இடத்துக்குப் போனது. ஒருவர் "இப்பதான் குடிச்சனான்" என்றார். இன்னொருவருக்கு வயிறு சரியில்லை. தவராஜா, சாயப்பகுதியில் வேலை செய்கிற பெடியன், எந்த வீட்டில் கோப்பி ஊற்றினாலும் இரண்டாவது கோப்பை கேட்கிறவன், தனக்குக் கோப்பி பழக்கமில்லை என்றான். நான் கோபத்தில் இரண்டு கோப்பை குடித்தேன். அதனால் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. மிச்சக் கோப்பைகள் வரிசையாக ஆறிக் கிடந்தன. தமிழருக்குக் கோப்பி பிடிக்காதோ என்று இங்கெர் என்னிடம் கேட்டா. எனக்கு அவ மேலும் கோபம் வந்தது, ஒன்றும் தெரியாமல் இருப்பதற்கு அவவுக்குக் கிடைத்த அதிர்ஷ்டத்தை நினைத்து.

குணசேகரம் அண்ணை ஓவர்கோட்டைப் போட்டுக்கொண்டு மேசையடிக்கு வந்தார்.

"எவடம் எண்டு சொன்னனீர்?"

"கொழும்பு எண்டு சொன்னனான்."

"கொப்பர்?"

தேவராசா அண்ணை கோப்பிக் கேத்திலைக் கீழே வைத்தார். ஊரின் பெயரைச் சொன்னார். "அப்பு பனை ஏறினவர்" என்றார், எல்லோருக்கும் கேட்கத்தான் சொன்னார்.

"அப்ப சரி," என்றார் குணசேகரம் அண்ணை. பொத்தானைக் கழுத்துவரைக்கும் பூட்டினார். தங்கச்சியின் முழங்கையைப் பிடித்துக்கொண்டு படியேறிப் போனார். சத்தம் போட்டிருந்தால்கூட நான் ஆறியிருப்பேன்.

அடுத்த நாள் இடைவேளையில் பெட்டி அடுக்குகிற இடத்துக்குப் போய் அவரைப் பிடித்து ஏசினேன். "உங்களுக்கென்ன விசரோ? ஆர் உங்களை அப்பிடிக் குனியச் சொன்னது? வெள்ளிக்கிழமை கலியாணத்தை வைச்சுக்கொண்டு!"

"நான் நினைச்சுச் செய்யேல்லை பிள்ளை." முகம் வெளிறி இருந்தது. "சின்னனில அப்பு அப்பிடி நிக்கிறதைப் பாத்து, நான் செத்தாலும் இப்பிடி நிக்கமாட்டன் எண்டு சத்தியம் பண்ணினனான். ஒருநாளும் நிக்கேல்லை. அடி வாங்கினனான், சுடுதண்ணி வாங்கினனான், குனியேல்லை. அது எனக்குள்ள இருக்கெண்டே எனக்குத் தெரியாது." ஒரு பெட்டியை மூடி ஒட்டினார். பிறகு, "அவவிட்டைக் கேக்கிறியளோ? வெள்ளிக்கிழமை வருவாவோ எண்டு" என்றார். அதைக் கேட்கத்தான் அவருக்குக் கஷ்டமாக இருந்தது.

மனோரஞ்சிதம் அந்தக் கிழமை வேலைக்கு வரவில்லை. தமையன் விடவில்லை. புதன்கிழமை அவர்கள் கட்டடத்தின் நிலக்கீழ் உடுப்புத் தோய்க்கிற அறையில் அவளைப் பிடித்தேன். மெசின் சுற்றிக்கொண்டிருந்தது. நான் தேவராசா அண்ணைக்காகக் கதைக்கத் தொடங்கினேன், நல்ல மனிசன், பயத்தில் சொன்ன பொய், உன்னை ஏமாற்ற நினைக்கவில்லை என்று.

"எனக்குத் தெரியும் அக்கா," என்றாள்.

"என்ன தெரியும்?"

"ஆர் எண்டு தெரியும். போன மாரிகாலத்துக்கு முதலே தெரியும். எங்கட வீட்டுக்கு வந்தா மூண்டு தரம் சொன்னாத்தான் கதிரையில இருப்பார். தேத்தண்ணி குடிச்சிட்டுக் கோப்பையைத் தானே கழுவிக் கவிட்டு வைப்பார். எந்த ஆம்பிளை அக்கா செய்யிறவன்? உங்கட பீற்றர் அண்ணை செய்வாரோ? முதலில நல்ல பழக்கம் எண்டு நினைச்சன். பிறகு விளங்கிட்டுது."

அந்தக் கோப்பைக் கதையை நானும் கண்டிருக்கிறேன். அதைக் காட்டி என் மனிசனை எத்தனை முறை நக்கலடித்திருக்கிறேன்.

"தெரிஞ்சுகொண்டோ ஓமெண்டனி?"

"ஓம்." ஈர உடுப்பை இழுத்து எடுத்தாள். "எனக்குத் தெரிஞ்சது காணாதோ? அவருக்குத் தெரியும், எனக்குத் தெரியும். வேற ஒருத்தருக்கும் தெரியாட்டி அது இல்லாத மாதிரித்தானே. ஏன் அக்கா ஊருக்கெல்லாம் காட்டினவர்?" அப்போதுதான் அழுதாள். "நான் எவ்வளவு கவனமாய் மறைச்சு வைச்சிருந்தனான்."

எனக்கு அவளை அடிக்க வேண்டும் போலவும் கட்டிப்பிடிக்க வேண்டும் போலவும் இருந்தது. இரண்டையும் செய்யாமல், "வெள்ளிக்கிழமை?" என்று கேட்டேன்.

முகத்தைத் துடைத்தாள். யோசித்து யோசித்துச் சொன்னாள். "பத்து மணிக்கு எங்கட ஆக்கள் எல்லாரும் வேலையில நிப்பினம். அண்ணையும் போயிடுவார். வருவன் எண்டு சொல்லுங்கோ. ஒருத்தரும் காணாமல் கலியாணத்தை எழுதிப்போட்டு, அண்டைக்கே ரயிலேறி ரண்டர்சுக்கோ எங்கையோ போயிடுவம். அங்க போய்ப் புருசன் பெஞ்சாதி எண்டு இருந்தா ஆர் கேக்கப்போகினம்? ஆனா அக்கா, ஒருத்தரும் காணக்கூடாது. கண்டினமெண்டா என்னால ஏலாது."

அதை அப்படியே அவரிடம் சொன்னேன். கண்ணை மூடிக்கொண்டு தலையாட்டினார். திரும்பவும் மறைந்து வாழ வேண்டும் என்பது அவருக்கு விளங்காமல் இல்லை. ஓம் என்றார். அவள் வந்தால் காணும் என்றார்.

வெள்ளிக்கிழமை கொம்யூன் கந்தோருக்கு நேரத்தோடு போனோம். இங்கெர் மஞ்சள் பூக்கள் கொண்டுவந்திருந்தா. தேவராசா அண்ணை அதே இரவல் கோட்டில். கதவைத் திறந்து நடைக்குள் வந்தால், வாங்கில் தவராஜாவும் அவனுடைய கூட்டாளி ஒருவனும் இருக்கிறார்கள். வரி அட்டையில் ஏதோ திருத்த வேண்டுமாம், அதற்காக அரை நாள் லீவு எடுத்து வந்தார்களாம். யாரும் அனுப்பி வரவில்லை, வேவு பார்க்கவும் இல்லை. அதுதான் எனக்கு இன்னும் பொறுக்கவில்லை. தேவராசா அண்ணையைக் கண்டதும் இரண்டு பேரும் வாங்கின் மறு தொங்கலுக்கு நகர்ந்தார்கள். அவர் இருக்கவில்லை.

நான் தவராஜாவிடம் போய், வெளியே போய் நில்லுங்கோ, பிறகு வாருங்கோ என்று சொன்னேன். "ஏன் அக்கா? எங்கட நம்பர் வரப்போகுது" என்றான். விளக்கம் சொல்ல முடியாத விஷயம். என் முகத்தைப் பார்த்து அவனுக்கு எரிச்சல் வந்துவிட்டது, அசையவில்லை.

மனோரஞ்சிதம் வந்தாள். கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம், நீலக் கோட்டுக்குக் கீழே பச்சைக் கூறைச் சேலையின் கரை தெரிந்தது. தலையில் பூ இல்லை, கையில் ஒரு சின்னப் பெட்டி. தள்ளத் தெரியாதவள் போலக் கதவில் கையை வைத்துக்கொண்டு உள்ளே பார்த்தாள். தேவராசா அண்ணையைப் பார்த்தாள். பிறகு வாங்கைப் பார்த்தாள். தவராஜா அவளைக் கண்டு, மரியாதையாகத்தான், கையை உயர்த்திக் காட்டினான்.

அவளும் கையை உயர்த்தினாள். தெருவுக்கு எதிர்ப்பக்கத்துத் தபால் கந்தோரைச் சுட்டிக் காட்டினாள், அங்கே போக வந்தவள் போல. பெட்டியைக் கோட்டுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டு திரும்பினாள்.

நான் கதவை நோக்கி ஓடப்போனேன். தேவராசா அண்ணை என் கையைப் பிடித்தார். "விடுங்கோ பிள்ளை. மறிக்காதேங்கோ. எல்லாரும் பாக்கினம்."

உள்ளேயிருந்து கந்தோர்க்காரி வந்து மாப்பிள்ளை பொம்பிளை இரண்டு பேருடைய பெயரையும் சத்தமாக வாசித்தா. வாங்கில் இருந்த இரண்டு பேரும் தலையைத் தூக்கினார்கள். மணப்பெண் பிந்துகிறாவா, கொஞ்சம் காத்திருக்கலாமா என்று அந்த மனிசி அன்பாகக் கேட்டா. இங்கெர் பூக்களோடு கதவைப் பார்த்தபடி நின்றா.

கண்ணாடிக்கு வெளியே மனோரஞ்சிதம் தபால் கந்தோருக்குள் உண்மையாகவே போய்விட்டு வந்தாள். கையில் கடிதத்தில் ஒட்டுகிற முத்திரை ஒன்று. இங்கிருந்து பார்க்கிறவர்களுக்குத் தெரியட்டும் என்று அதைக் கொஞ்சம் உயர்த்திப் பிடித்தபடி தெருவோரம் நடந்து போனாள்.

தேவராசா அண்ணை அவள் மறையும்வரைக்கும் பார்த்தார். பிறகு கந்தோர்க்காரியிடம் திரும்பி, தனக்குத் தெரிந்த டெனிஷில் சொன்னார்.

"அவ வரமாட்டா. எங்களுக்குப் பிறகு ஆரும் இருந்தால் கூப்பிடுங்கோ."